கவசப் புகையிரதமும் தண்டவாளமும்: விசெவொலொட் இவானொவின் குறுநாவல் பற்றிய ஒரு மறுமதிப்பீடு

சோவியத் இலக்கியத்தின் முதற் பத்தாண்டினைப் பற்றிப் பேசுவோர் விசெவொலொட் இவானொவின் (1895–1963) ‘கவசப் புகையிரதம் 14-69’ என்னும் குறுநாவலைக் குறிப்பிடாது செல்வது அரிது. அலெக்சாண்டர் வொரொன்ஸ்கி ஆசிரியராக இருந்து நடத்திய ‘கிராஸ்னயா நோவ்’ சஞ்சிகையில் 1922 இல் இது வெளிவந்தது. ஐந்து ஆண்டுகளின் பின், ஒக்ரோபர்ப் புரட்சியின் பத்தாம் ஆண்டு நிறைவையொட்டி நாடகமாக்கப்பட்டு, 1927 நவம்பர் 8 இல் மொஸ்கோ கலை அரங்கில் மேடையேறியது. செக்கோவின் நாடகங்களாற் புகழ்பெற்ற அவ்வரங்கு புரட்சியின் பக்கம் நின்று பேசிப் பெற்ற முதலாவது பெருவெற்றி அதுவே என நாடக வரலாற்றாசிரியர் கொள்வர். நெறியாள்கையை மேற்பார்வை செய்தவர் ஸ்டானிஸ்லவ்ஸ்கி. கெரில்லாத் தலைவனாக நடித்தவர் கச்சாலொவ். இவ்வளவும் பலரும் அறிந்த செய்திகள்.

ஆயின், இப்படைப்புப் பற்றி எழுந்த விமர்சனங்களிற் பெரும்பாலானவை ஒரே தடத்திற் செல்வன. ஆயுதமற்ற சைபீரிய விவசாயிகள் உருக்குக் கோட்டை ஒன்றினைத் தம் மனவலிமையால் வென்ற கதை இது என்பதே அவற்றின் சாரம். முற்போக்கு அணியைச் சார்ந்த விமர்சகர்களும் இதற்கு விலக்கல்லர். நூலை வியந்தனரேயன்றி, நூலின் நடுவே நிற்கும் பொருளை அவர்கள் நோக்கவில்லை. கவசப் புகையிரதம் எத்தகைய ஆயுதம்? அது எவ்வாறு இயங்கிற்று, எதனால் வீழ்ந்தது? இவ்வினாக்களை எழுப்பாது இக்குறுநாவலின் கட்டமைப்பினை விளங்கிக்கொள்ளுதல் இயலாது என்பது எமது கருத்து. வினாக்களை எழுப்பியபின் கிடைக்கும் விடையோ, வழமையான வீரப்புகழ்ச்சியோடு இசைந்து போவதாயில்லை.

முதலில் ஆயுதத்தினை நோக்குவோம். போர்க்களத்திற் புகையிரதத்தைக் கவசமிட்டுப் பயன்படுத்தும் வழக்கம் அமெரிக்க உள்நாட்டுப் போர்க் காலத்தில், 1861–1862 அளவிலேயே தொடங்கிவிட்டது. 1882 இல் எகிப்திலே பிரித்தானியர் அதனைக் குடியேற்றவாதப் போரின் கருவியாக்கினர். பின்னர் தென்னாபிரிக்கப் போரில் அது பரவலாகப் பயன்பட்டது. ஆரம்பந்தொட்டே கவசப் புகையிரதத்திற்கு ஓர் உள்முரண்பாடு உண்டு. பாரமான பீரங்கிகளையும் தடித்த இரும்புத் தகடுகளையும் குதிரைகளாலோ அக்காலத்து மோட்டார் வாகனங்களாலோ இழுத்துச் செல்ல முடியாதபோது, நீராவி எஞ்சின் அவற்றை இலகுவாக இழுத்தது. அவ்வகையில் அக்காலத்து ஆயுதங்களுள் அதுவே மிகுந்த வேகமும் மிகுந்த பாரமும் ஒருங்கே கொண்டது. ஆனால் அந்த வேகம் முழுவதும் ஒரே கோட்டிலே அமைந்தது. தண்டவாளம் எங்கே செல்கிறதோ அங்கே மாத்திரம் அது செல்லும். பக்கத்திலுள்ள வயலுக்குள் ஓர் அடிகூட அதனால் இறங்க இயலாது. எதிரிக்கு அதன் இருப்பிடத்தைத் தேடவேண்டிய அவசியமே இல்லை. பாதையருகே காத்திருந்தாற் போதும்.

இம்முரண்பாட்டை வண்டியின் அமைப்பே காட்டும். உருசிய உள்நாட்டுப் போர்க்காலத்து வண்டிகளில் எஞ்சின் பொதுவாக நடுவிலே வைக்கப்பட்டது. அதன் இருபுறமும் பீரங்கிப் பெட்டிகள். முன்னும் பின்னும் திறந்த மேடைப் பெட்டிகள். இத்திறந்த பெட்டிகளில் ஏற்றப்பட்டிருந்தவை உதிரித் தண்டவாளங்களும் சிலிப்பர் கட்டைகளும் ஆணிகளும் கருவிகளுமே. பாதையிற் கண்ணிவெடி இருப்பின் முதலில் அப்பெட்டி சிதறும். பாதை பெயர்க்கப்பட்டிருப்பின் அப்பொருள்களைக்கொண்டு செப்பனிடலாம். அதாவது, தன் பாதை எந்நேரமும் பறிக்கப்படலாம் என்ற அச்சத்தை முன்னே தள்ளிக்கொண்டு செல்லும் ஆயுதம் அது. இவற்றோடு நீரும் எரிபொருளும் வேறு. தாங்கியில் நீர் வற்றினாற் பீரங்கி எத்தனை இருந்தும் பயனில்லை. நீர் நிரப்பும் நிலையத்திலே கடமையிலிருப்பவன், பாதை மாற்றும் கைப்பிடியைப் பிடித்திருப்பவன், தந்தி அடிப்பவன், பாலத்தைக் காப்பவன், எஞ்சினை ஓட்டுபவன், நெருப்பிலே கரியள்ளி இடுபவன் ஆகிய அனைவரதும் உழைப்பு ஒழுங்காகக் கிடைக்கும் வரையிலேதான் கவசப் புகையிரதம் ஆயுதமாக இருக்கும். அது கிடைக்காத வேளையில் அது வெறும் இரும்புப் பெட்டி.

இதனை ஏகாதிபத்தியத்தின் விசுவாசி ஒருவரே அனுபவத்தால் உணர்ந்தார். 1899 நவம்பர் 15 இல், தென்னாபிரிக்காவில் நேட்டால் பகுதியிலே, பத்திரிகை நிருபராகக் கவசப் புகையிரதத்திற் சென்ற வின்ஸ்டன் சேர்ச்சில் போவர்களாற் சிறைப்பிடிக்கப்பட்டார். போவர்கள் பெரிய உத்தியெதனையும் கையாளவில்லை. வண்டி திரும்பி வரும் பாதையிற் கற்களை இட்டனர். முன்பெட்டிகள் தடம்புரண்டன. எஞ்சின் சாரதி தலையிற் காயமுற்று, தான் போர்வீரனல்லன் என்று கூறிக் கைவிட்டுப்போக முற்பட்டதும், பின்னர் இணங்கி எஞ்சினுக்குத் திரும்பியதுமே காயமுற்றோர் சிலரேனும் தப்பியமைக்குக் காரணமாயின. அச்சாரதிக்கும் அவருடன் இருந்த தொழிலாளிக்கும் 1910 இலேதான், சேர்ச்சில் உள்நாட்டு அமைச்சராக இருந்த காலத்தில், பதக்கம் கிடைத்தது. தோற்றத்தில் இதைப்போல் அச்சந்தருவதும் உண்மையில் இதைப்போல் வலுவற்றதுமான ஆயுதம் வேறில்லை என்ற கருத்துப்படச் சேர்ச்சில் பிற்காலத்தில் எழுதினார். அதே சேர்ச்சில் 1919 இல் போர் அமைச்சராகி, சைபீரியாவிலே கொல்சாக்கின் வெண்படைக்கு ஆயுதம் அனுப்புவதில் முன்னின்றார் என்பதும், அந்த வெண்படையின் கவசப் புகையிரதமே இவானொவின் கதைப்பொருள் என்பதும் நினைவுகொள்ளத்தக்கன.

உருசியாவைப் பொறுத்தவரை, இரும்புப்பாதைத் தொழிலாளரின் பலம் உள்நாட்டுப் போருக்கு முன்பே வெளிப்பட்டுவிட்டது. 1917 ஓகஸ்டில் ஜெனரல் கொர்னிலொவ் தலைநகரைக் கைப்பற்றப் படைகளை ஏவியபோது, அவற்றை வழிமறித்தது பீரங்கியன்று. தொழிலாளர் தண்டவாளங்களைப் பெயர்த்தனர், வண்டிகளைத் தவறான கிளைப்பாதைகளிலே திருப்பிவிட்டனர், தந்திகளைத் தாமதப்படுத்தினர். படை போரிடாமலே கலைந்தது. பின்னர் 1918 மே மாதத்திற் செக்கோசிலவாக்கியப் படையணியினர், 40,000 பேர் வரையில், சைபீரியப் பெருவழியெங்கும் பரந்திருந்த தம் வண்டிகளிலிருந்தே கிளர்ந்தெழுந்தபோது, வொல்காவிலிருந்து பசிபிக் வரையுள்ள நாடு அவர்கள் கையில் வீழ்ந்தது. நாடு என்று சொல்வதிலும் பார்க்க, நாட்டின் நடுவே ஓடிய ஒரு கோடு என்று சொல்வதே பொருந்தும். 1891 இல் தொடங்கப்பட்டு 1916 இலே முற்றுப்பெற்ற அப்பாதையே சைபீரியாவில் அரசாகவும் எல்லையாகவும் போர்முனையாகவும் விளங்கிற்று. செம்படையும் இதே ஆயுதத்தினை ஏற்றுக்கொண்டது. போரின் இறுதிக்கட்டத்தில் அதனிடம் 100 இற்கு மேற்பட்ட கவசப் புகையிரதங்கள் இருந்தன. 1918 ஓகஸ்டில் அமைக்கப்பட்ட ட்ரொட்ஸ்கியின் வண்டியோ அச்சுக்கூடம், தந்தி நிலையம், வானொலி, நூலகம் ஆகியவற்றோடு, தனக்கெனப் பத்திரிகையும் வெளியிட்டு, முனைக்கு முனை ஓடிய ஓர் அரசாங்கமாகவே இயங்கியது. ஆகவே ‘மக்கள் ஒருபுறம், இயந்திரம் மறுபுறம்’ என்ற எளிய எதிர்நிலை வரலாற்றிலே இருந்ததில்லை. இரு தரப்பிலும் இயந்திரம் இருந்தது. இரு தரப்பிலும் அதனை ஓட்டியவன் தொழிலாளியே.

இனி நூலுக்கு வருவோம்.

இவானொவ் கசாக் புல்வெளியின் ஓரத்திலே பிறந்தவர். அச்சுக்கோப்பாளராகவும் ஊரூராய்ச் சுற்றும் சர்க்கசில் வித்தை காட்டுபவராகவும் வாழ்ந்தவர். கொல்சாக்கின் தலைநகராயிருந்த ஓம்ஸ்க் நகரில் அக்காலத்தைக் கழித்து, 1921 அளவிற் பெத்ரொகிராட் சென்று, கோர்க்கியின் ஆதரவுடன் ‘செராப்பியன் சகோதரர்’ என்ற இளம் எழுத்தாளர் குழுவினரோடு சேர்ந்தார். கட்சியைச் சாராது புரட்சியோடு உடன்செல்லும் இத்தகையோரையே ட்ரொட்ஸ்கி 1923 இல் ‘சக பயணிகள்’ என வகைப்படுத்தினார். சைபீரியாவிற் படித்த ஒரு சிறு பத்திரிகைச் செய்தியே இக்குறுநாவலுக்கு வித்தாயிற்று என இவானொவ் பின்னாளிற் கூறியுள்ளார். கெரில்லாக்கள் கவச வண்டி ஒன்றனைக் கைப்பற்றினர். அதனை நிறுத்துவதற்குச் சீனர் ஒருவர் தண்டவாளத்திற் படுத்தார். செய்தி அவ்வளவே.

கதை வண்டிக்கு உள்ளும் வெளியுமாக மாறி மாறிச் செல்கிறது. கொல்சாக்கின் படை சிதைந்து பின்வாங்கும் நாட்கள். ‘துருவம்’ என்ற பொருள்படும் பெயரும் 14-69 என்ற எண்ணுமுடைய வண்டி, கெரில்லாக்களிடமிருந்து பாதையைக் காக்கும் கடமையிலே ஓடிக்கொண்டிருக்கிறது. உள்ளே காப்டன் நெசெலாசொவும் அவனுக்குக் கீழ்ப்பட்ட ஒபாப் என்பவனும். வெளியே நிக்கீதா வெர்ஷினின் தலைமையிலான விவசாயிகள். வெர்ஷினின் பரம்பரை மீனவன். அவனுடைய பிள்ளைகளை யப்பானியப் படை கொன்றுவிட்டது.

இவானொவ் உள்ளே எழுதும் உரைநடையும் வெளியே எழுதும் உரைநடையும் வேறு வேறு. வண்டிக்குள் வெப்பம், அழுக்கு, குறுகிய வெளி, ஓயாத பேச்சு. நெசெலாசொவின் வாக்கியங்கள் நரம்புத் தளர்ச்சியுற்றவனுடையவை போன்று அறுந்தறுந்து விழுகின்றன. வெளியே வந்ததும் நடை பரந்து நிறங்களால் நிரம்புகிறது. காற்றுக்கும் புல்லுக்கும் மனித உடலுக்கும் நிறம் ஏற்றி, உவமைமேல் உவமை அடுக்கிச் செல்லும் இந்நடையை உருசிய விமர்சகர்கள் ‘அலங்கார உரைநடை’ என்பர். சிலவிடங்களில் இது அளவு கடந்து வாசகரைக் களைப்படையச் செய்வது உண்மையே. இளம் எழுத்தாளரின் மிகையென்று கொள்ளலாம். ஆயினும் வெறும் அலங்காரம் என ஒதுக்குதல் தவறு. ஒரு கோட்டிலே சிறைப்பட்ட இயந்திரத்தையும், எல்லையற்றுப் பரந்து கிடக்கும் நிலத்தையும் இரு வேறு நடைகளால் எதிரெதிர் நிறுத்துகிறார் ஆசிரியர். கவசப் புகையிரதத்தின் இராணுவ முரண்பாடு இங்கே உரைநடையின் முரண்பாடாகவே வடிவெடுக்கிறது. உருவமும் உள்ளடக்கமும் ஒன்றையொன்று நிர்ணயிக்கும் என்று நாம் அடிக்கடி எழுதுகிறோம். இதனைக் காட்டுவதற்கு இதனிலும் தெளிவான உதாரணம் எமக்குக் கிடைத்ததில்லை.

நூலின் நடுப்பகுதியில் வண்டி அகப்பட்டுக்கொள்கிறது. பாதை இருபுறமும் அறுபட, இடைப்பட்ட சிறு துண்டிலே அது முன்னும் பின்னும் ஓடுகிறது, கண்ணுக்குத் தெரியாத எதிரியைச் சுடுகிறது, மீண்டும் ஓடுகிறது. உள்ளிருப்போர் மெல்ல மெல்லச் சித்தம் தடுமாறுகின்றனர். சுற்றிலும் மக்கள் திரண்டு காத்திருக்கின்றனர். இப்பகுதியிலே பெரிய வீரச்செயல்கள் இல்லை. வண்டியை வீழ்த்துவது பாதையின்மை என்பதை இவானொவ் தெளிவாக அறிந்து எழுதியுள்ளார். நெசெலாசொவின் சீரழிவைத் தனிமனித உளவியலாகப் படிப்போர் உளர். ஆனால் அவனுடைய பதற்றம் வண்டியின் இயக்கத்தோடு இணைந்தே எழுதப்பட்டுள்ளது. அவன் சார்ந்த வர்க்கத்திற்கும் செல்வதற்கு இடமில்லை, வண்டிக்கும் இல்லை. இவ்விணைப்பை ஆசிரியர் எங்கும் விளக்கிச் சொல்லாமல் விட்டமை பாராட்டத்தக்கது.

வரலாறு இதனை உறுதிப்படுத்துகிறது. பைக்கால் ஏரிக்கு அப்பாற்பட்ட பகுதியில் யப்பானின் ஆதரவுடன் ஆட்சி செலுத்திய அத்தமான் செமியொனொவின் வண்டிகள் ‘இரக்கமற்றவன்’, ‘அழிப்பவன்’ என்றவாறான பெயர்களைத் தாங்கிப் பாதையோர மக்களை நடுங்கவைத்தன. 1920 ஜனவரியில், பொசொல்ஸ்காயா நிலையத்திலே, ‘அழிப்பவன்’ அங்கு காவலிருந்த அமெரிக்கச் சிப்பாய்களின் பெட்டிகள்மீது நள்ளிரவிற் சுட்டது. நேசநாட்டினரையே தாக்கிய அவ்வண்டி, எஞ்சினிற் கைக்குண்டு வீசப்பட்டதும் ஓட்டம் தளர்ந்து, ஒரு சிறு காவற்படையிடம் பிடிபட்டது. கதையும் செய்தியும் ஒரே இடத்தையே சுட்டுகின்றன. கவசத்தின் உள்ளே துடிக்கும் எஞ்சினும் அதற்குப் பாதை தரும் தொழிலாளியுமே இதன் உயிர்நிலை.

நூலிலே பெரிதும் மேற்கோள் காட்டப்படும் காட்சி, சிறைப்பிடிக்கப்பட்ட அமெரிக்கச் சிப்பாய்க்குக் கெரில்லாக்கள் அரசியல் விளக்கும் காட்சியாகும். மொழி தெரியாது. கையிற் கிடைத்த விவிலியப் படம் ஒன்றில் ஆபிரகாம் தன் மகனைப் பலியிடக் கத்தியெடுத்து நிற்கிறான். கத்தி வைத்திருப்பவன் முதலாளி, விறகின்மேற் கிடப்பவன் பாட்டாளி என்று அவர்கள் விளக்குகின்றனர். லெனினின் பெயரைச் சொன்னதும் இரு பக்கத்துக்கும் புரிந்துவிடுகிறது. சமயத்தின் சின்னத்தை மக்கள் தம் தேவைக்கேற்ப மாற்றிப் பொருள்கொள்வதை இத்துணை இயல்பான நகைச்சுவையோடு காட்டிய பகுதி அக்கால இலக்கியத்தில் வேறு அதிகமில்லை. எனினும் இக்காட்சியின் புகழ், இதற்குப் பின்வரும் மற்றொரு காட்சியை மறைத்துவிட்டது. சர்வதேசியம் இங்கே சொல்லால் வெல்கிறது. அங்கே அதற்கான விலை கேட்கப்படுகிறது. விலையைக் கொடுப்பவன் அமெரிக்கனுமல்லன், உருசியனுமல்லன்.

வண்டியை நிறுத்தியாக வேண்டும். பாதையில் மனிதன் ஒருவன் கிடப்பதைக் கண்டாற் சாரதி தலையை வெளியே நீட்டிப் பார்ப்பான். அக்கணத்தில் அவனைச் சுட்டு வீழ்த்தலாம். இதுவே திட்டம். வெர்ஷினினின் உதவியாளனான வாஸ்கா ஒகொரொக் முன்வந்து படுக்கிறான். வண்டி நெருங்குகையில் அவனால் தாங்க முடியவில்லை, எழுந்து ஓடிவிடுகிறான். அவ்விடத்திற் போய்ப் படுப்பவன் சின் பின்-ஊ என்னும் சீனன். அவனுக்கும் தனிமை தாங்க முடியாததாகிறது. இறுதியில், வண்டி வரும்போது, கைத்துப்பாக்கியால் தன்னையே சுட்டுக்கொள்கிறான். உயிரற்ற உடல் பாதையிற் கிடக்கிறது. வண்டி தயங்குகிறது. சாரதி கொல்லப்படுகிறான்.

இக்காட்சியைத் தியாகத்தின் உச்சம் எனப் புகழ்ந்து கடந்துபோவது எளிது. அவ்வாறு கடந்து போகாமல் நின்று நோக்கினாற் சில கேள்விகள் எழுகின்றன. சின் பின்-ஊவுக்கு ஆசிரியர் முன்னரே ஒரு வாழ்வைக் கொடுத்திருக்கிறார்: மனைவி, வெப்பமான வீடு, வீட்டின் பின்னே தானிய வயல்கள். ஒரு நாளில் அனைத்தும் மறைந்தன. எஞ்சியது கன்னத்தில் துப்பாக்கிமுனைக் கத்தி குத்திய காயம் மாத்திரமே. சில வரிகளுக்குள் அடங்கும் இவ்விழப்பினை ஆசிரியர் மிகுந்த பரிவோடு எழுதுகிறார். ஆனால் அதே மனிதன் வாய் திறந்ததும் வாசகனுக்குச் சிரிப்பூட்டும் உடைந்த உருசிய மொழி வருகிறது. கெரில்லாக்கள் மத்தியில் அவன் பரிகாசத்திற்குரியவனாகவும் நிற்கிறான். அகத்தை எழுதுகையில் மனிதனாகவும், பேச்சை எழுதுகையிற் கேலிப்பாத்திரமாகவும் அவனை வார்த்தமை ஆசிரியரின் வரையறையைக் காட்டும். முதலாம் உலகப் போரின்போது பல்லாயிரம் சீனர் உருசியாவின் சுரங்கங்களிலும் இரும்புப்பாதை வேலைகளிலும் கூலிகளாக அமர்த்தப்பட்டிருந்தனர். அவர்களிற் பலர் பின்னர் செம்படையிற் சேர்ந்து போரிட்டனர். ஆகவே பாத்திரம் கற்பனைமாத்திரமன்று. தான் இட்ட பாதையிலேயே, மற்றவன் எழுந்தோடிய இடத்திலே, கூலி உழைப்பாளியின் உடல் கிடக்கிறது என்பதை விமர்சகர்கள் கவனித்ததாகத் தெரியவில்லை.

சாரதியை அவர்கள் கவனித்தது இன்னுங் குறைவு. திட்டம் முழுவதும் ஓர் உண்மையை நம்பியே வகுக்கப்பட்டது: எஞ்சின் ஓட்டுபவன், பாதையிற் கிடக்கும் மனிதனைக் கண்டால், எவ்வளவு பெரிய போரின் நடுவிலும், எட்டிப் பார்ப்பான். அவன் கொல்லப்படுவது கொடுமையினாலன்று. தொழிலில் ஊறிய மனிதத்தன்மையினால். அவனுக்கு நூலிலே பெயர் இல்லை. அவனும் தொழிலாளியே. கவசப் புகையிரதம் உழைப்பவனின் கையிலே தங்கியிருந்தது என்று முன்னர் கூறினோம். அதன் மறுபக்கம் இது. அவ்வாயுதத்தை நிறுத்துவதற்கான வழியும் உழைப்பவனின் உடலினூடாகவே சென்றது. பாதையின்மேல் ஒருவன், எஞ்சினில் ஒருவன். இருவரும் சாக, வண்டி நிற்கிறது. 1922 இன் பிரதி இதனை விளக்காமல், சமாதானம் கூறாமல், அப்படியே விட்டுவிடுகிறது. அதுவே அதன் வலிமை.

1927 இன் நாடகம் இவ்வமைப்பை மாற்றியது. குறுநாவலிலே ஓரமாக வந்துபோகும் பெக்லெவானொவ் என்ற நகரப் போல்ஷெவிக், நாடகத்தில் வெர்ஷினினுக்குச் சமமான நிலைக்கு உயர்கிறான். ஹ்மெலியொவின் நடிப்பு அப்பாத்திரத்திற்குப் பெரும் புகழ் ஈட்டிக்கொடுத்தது. மூக்குக்கண்ணாடி அணிந்த, உரத்துப் பேசாத, வீரத்தோற்றமற்ற அம்மனிதனை மேடையிற் கண்டோர் புதிய வகைக் கதாநாயகனைக் கண்டனர். நகர எழுச்சியின் வேளையில் அவன் கொல்லப்படுகிறான். கைப்பற்றப்பட்ட வண்டி எழுச்சிக்குத் துணையாக வந்து சேர்கிறது. லுனாசார்ஸ்கி இந்நாடகத்தை மனமார வரவேற்றார். வரவேற்கத்தக்கதே. விவசாயிகளின் தன்னெழுச்சிக்கும் நகரத் தொழிலாளர் இயக்கத்துக்கும் உள்ள தொடர்பு குறுநாவலிற் பலவீனமாக இருந்தது உண்மை. வெறும் தன்னெழுச்சியாற் கொல்சாக் வீழவில்லை என்பதும் உண்மை. அவ்வகையில் நாடகம் ஒரு குறையை நிரப்பியது.

ஆனால் மேடை இன்னொன்றையும் செய்தது. வண்டியின் பொருளை மாற்றியது. குறுநாவலின் பெரும்பகுதியில் வண்டி சிறை. முன்னும் பின்னும் அலையும் கோடு. நாடகத்தின் முடிவிலோ அது பரிசு. கைமாறிய கணமே இயந்திரத்தின் தன்மையும் மாறிவிட்டது என்ற நம்பிக்கை அரங்கின் ஒளியிலும் ஒலியிலும் பார்வையாளர்மீது பதிகிறது. வெளியே நின்ற நிலமும் மக்கள் திரளும் இப்போது வண்டிக்குப் பின்னணியாகிவிடுகின்றன. தியாகத்தின் மையம் தண்டவாளத்திலிருந்து பெக்லெவானொவின் மரணத்திற்கு நகர்கிறது. சின் பின்-ஊவின் காட்சி நீக்கப்படவில்லை; அது இறுதி மரணத்திற்கு முன்னோட்டமாகச் சுருங்கிற்று. இவானொவ் பின்வந்த பதிப்புகளிற் குறுநாவலையும் திருத்தி எழுதினார். நாடகத்தின் செல்வாக்கு அத்திருத்தங்களிலே தெரிகிறது. அலங்கார நடை மட்டுப்படுத்தப்பட்டது; கட்சியின் பாத்திரம் விரிவடைந்தது. நடையில் ஏற்பட்ட சிக்கனத்தை நாம் வரவேற்கலாம். நடையோடு சேர்ந்து வண்டிக்கும் நிலத்துக்கும் இடையிலிருந்த எதிர்நிலையும் மங்கிப்போனதை வரவேற்க முடியவில்லை.

இயந்திரம் கைமாறினால் அதன் தன்மையும் மாறிவிடுமா என்ற கேள்வி வெறும் அழகியற் கேள்வியன்று. இவானொவ் இக்குறுநாவலை எழுதிய 1921 ஆம் ஆண்டில் அது மிகவும் நேரடியான கேள்வியாயிருந்தது. அவர் பிறந்து வளர்ந்த பகுதிகளுக்கு அணித்தே, மேற்குச் சைபீரியாவின் விவசாயிகள் தானியக் கட்டாயக் கொள்வனவுக்கு எதிராக அவ்வாண்டின் தொடக்கத்திலே கிளர்ந்தெழுந்தனர். பெப்ரவரியிற் சைபீரியப் பெருவழியைத் துண்டித்து, மத்திய உருசியாவுக்கான தானிய வண்டிகளைத் தடுத்தனர். தம்பொவ் மாகாணத்தில் 1920 இல் எழுந்த கிளர்ச்சியை அடக்க 1921 இல் துகாசெவ்ஸ்கி அனுப்பப்பட்டார். அங்கே பயன்படுத்தப்பட்ட படைக்கலங்களுள் கவசப் புகையிரதங்களும் இருந்தன. நச்சுவாயுவைப் பயன்படுத்தும் கட்டளையும் அங்கே பிறப்பிக்கப்பட்டது. 1921 மார்ச்சிற் கூடிய கட்சியின் பத்தாவது மாநாடு கட்டாயக் கொள்வனவைக் கைவிட்டுப் பொருள்வரியைக் கொண்டுவந்தமை, இக்கிளர்ச்சிகள் எவ்வளவு ஆழமாக உணரப்பட்டன என்பதைக் காட்டும். 1991 இன் பின்னர் ஆவணக் காப்பகங்கள் திறக்கப்பட்டமையால் இவ்விபரங்கள் இன்று முன்னிலும் தெளிவாகத் தெரியவந்துள்ளன. முன்னைய தலைமுறை விமர்சகருக்கு இவை மறைவாயிருந்தன. இன்று நமக்கு அச்சாட்டு இல்லை.

கையிற் கிடைத்த சிறு ஆயுதங்களோடு கவசப் புகையிரதத்தைச் சூழ்ந்து நிற்கும் விவசாயிகளைப் பற்றி ஒருவர் எழுதிக்கொண்டிருந்த அதே ஆண்டில், செங்கொடி தாங்கிய கவசப் புகையிரதங்களின் முன்னே வேறு விவசாயிகள் நின்றனர். இவானொவ் இதனை மனதிற்கொண்டே எழுதினார் என்று நாம் வாதிக்கவில்லை. அவ்வாறு கொள்வதற்குப் பிரதியிற் சான்றில்லை. கொல்சாக்கின் வண்டியும் செம்படையின் வண்டியும் ஒன்றே என்பதுமல்ல எமது கருத்து. யாருக்காக, யாருக்கு எதிராக என்ற வினாவை விட்டுவிட்டு ஆயுதத்தை மாத்திரம் நோக்குவது முதலாளித்துவ அமைதிவாதத்தின் வழமையான தந்திரம். நாம் கூறவிழைவது வேறு. பாதையும் எஞ்சினும் நிலமும் ஒன்றையொன்று எதிர்த்து நிற்கும் அமைப்பினை 1922 இன் பிரதி திறந்தே வைத்திருக்கிறது. வண்டியைக் கைப்பற்றியபின் என்ன நேரும் என்ற கேள்விக்கு அது அவசரமாக விடை கூறவில்லை. நாடகம் விடை கூறியது. 1927 இன் விழாமேடையில் அந்த விடை வேண்டப்பட்டதாயிருக்கலாம். தம்பொவ் கிராமத்தான் ஒருவன் பார்வையாளர் வரிசையில் இருந்திருப்பின் அவன் அதனை எவ்வாறு கேட்டிருப்பான் என்று எண்ணிப் பார்க்காதிருக்க இயலவில்லை.

பஸ்தெர்நாக் 1957 இல் வெளிவந்த ‘டொக்டர் ஷிவாகோ’வில் ஸ்திரெல்னிகொவ் என்ற தளபதியைக் கவச வண்டியிலேற்றி எழுதினார். அங்கு வண்டி, வாழ்விலிருந்து தன்னைத் துண்டித்துக்கொண்ட அறிவாளியின் குறியீடு. சாரதியோ, தண்டவாளமிட்ட கூலியோ அங்கு பார்வைக்கு வருவதில்லை. பிளட்டோனொவின் கதைகளில் நிலைமை நேர்மாறு. இரும்புப்பாதைத் தொழிலாளர் குடும்பத்திற் பிறந்து அப்பாதையிலேயே வேலை செய்த அவர், எஞ்சினைத் தொழிலாளியின் இருக்கையிலிருந்தே கண்டார். இவ்விருவருக்கும் இடையிலே, வண்டிக்கு உள்ளும் வெளியுமாக மாறி மாறி நின்று எழுதியமைதான் இவானொவின் தனித்தன்மை. அவரை முதலில் ஊக்கிய வொரொன்ஸ்கி இத்தகைய எழுத்தின் உயிர்த்துடிப்பை மதித்தவர். 1937 இல் அவரும் சுட்டுக்கொல்லப்பட்டார். திருத்தப்பட்ட பதிப்புகளே எஞ்சிப் பரவியமைக்கு அச்சூழலும் ஒரு காரணம்.

இக்குறுநாவலைத் தமிழிற் பெயர்க்க முற்படுவோரும், பல்கலைக்கழக வகுப்பறையிற் பாடமாக வைப்போரும் எந்தப் பதிப்பினைக் கையிலெடுக்கின்றனர் என்பதை முதலிற் பார்த்துக்கொள்ளல் வேண்டும். பிற்காலப் பதிப்பிலே பெக்லெவானொவ் தெளிவாகப் பேசுவான், வாசிப்பதும் இலகு. 1922 இன் பிரதியோ கரடுமுரடானது. அதன் நிறச்சொற்களைத் தமிழிற் கொண்டுவருவது மொழிபெயர்ப்பாளரை வருத்தும். சின் பின்-ஊவின் உடைந்த பேச்சை எவ்வாறு பெயர்ப்பது என்பது தனிச் சிக்கல். அவன் பேச்சைக் கேலியாக்காமலும், உருசிய மூலத்திலுள்ள கேலியை மறைத்துவிடாமலும் பெயர்க்க வேண்டும். இவ்விரண்டையும் ஒருங்கே செய்யும் தமிழ் எங்கே கிடைக்கும் என்பதை மொழிபெயர்ப்பாளரே தேடிக் கண்டுபிடிக்கட்டும். 1922 இன் பிரதியையே எடுத்துக்கொள்ளுமாறு மாத்திரம் நாம் வற்புறுத்துவோம்.